உதட்டுக் கொப்புளமும் மூளைக் காய்ச்சலும்

காய்ச்சல் விட்டு எழுந்த மறுநாள், உதட்டோரத்தில் சிறு கொப்புளங்கள் கொத்தாகத் தோன்றுவதை நம்மில் பலர் கண்டிருக்கிறோம். முதலில் அவ்விடத்தில் ஒருவகை எரிச்சலும் குறுகுறுப்பும் உண்டாகும். பிறகு நீர் கோத்த கொப்புளங்கள் எழும், உடையும், பொருக்குத் தட்டும், பத்து நாட்களுக்குள் பெரும்பாலும் தழும்பின்றி மறைந்துவிடும். 'உடம்புச் சூடு வெளியே வருகிறது' என்று பெரியவர்கள் சொல்வார்கள். சிறிது வெண்ணெயோ தேங்காய் எண்ணெயோ தடவிவிட்டு நாமும் அதை மறந்துவிடுவோம். மறப்பதில் தவறும் இல்லை. பெரும்பாலோருக்கு அது அவ்வளவில் முடிந்துவிடுகிற தொல்லைதான்.

ஆனால் அந்தக் கொப்புளத்தை உண்டாக்கும் அதே வைரஸ், மிக அரிதாகச் சிலருடைய மூளைக்குள் புகுந்துவிடுகிறது. புகுந்தால் சில நாட்களுக்குள் ஒரு மனிதருடைய ஞாபகத்தையும் பேச்சையும் குணத்தையும் குலைத்துவிடும். கவனியாமல் விட்டால் உயிரையும் வாங்கிவிடும். வைரஸால் வரும் மூளைக் காய்ச்சல்களுள் திட்டமான மருந்து உள்ளவை மிகச் சில. அச்சிலவற்றுள் இது ஒன்று. ஆனால் அந்த மருந்து காலத்தில் கொடுக்கப்பட வேண்டும். அந்தக் காலம் தவறிப் போவது பல சமயங்களில் மருந்து இல்லாமையால் அன்று. நோயாளியின் அருகில் இருப்பவர்கள் அறிகுறியை வேறொன்றாக எண்ணிக் காத்திருப்பதால்தான். ஆகையால் இதைப் பற்றிச் சற்று விரிவாக அறிந்துகொள்வது பயனுடையது.

இந்த வைரஸின் பெயர் ஹெர்ப்பிஸ் சிம்ப்ளெக்ஸ். ஹெர்ப்பிஸ் என்பது 'ஊர்ந்து செல்' என்று பொருள்படும் கிரேக்கச் சொல்லிலிருந்து பிறந்தது; தோலின் மேல் ஊர்ந்து பரவும் புண்களைப் பண்டைக் கிரேக்க வைத்தியர்கள் அப்பெயரால் அழைத்தார்கள். இதில் இரண்டு வகை உண்டு. முதல் வகை பெரும்பாலும் வாயையும் முகத்தையும் பற்றும். இரண்டாம் வகை பெரும்பாலும் பிறப்புறுப்புகளைப் பற்றும். பெரியவர்களுடைய மூளையைத் தாக்குவது பெரும்பாலும் முதல் வகையே. நம் ஊர்ப்பக்கங்களில் அக்கி என்று சொல்லிக் குயவரிடம் சென்று செங்காவி எழுதிக்கொள்வார்களே, அது பெரும்பாலும் இந்த வைரஸின் உறவான வேறொரு வைரஸால் வருவது. சின்னம்மையை உண்டாக்குவதும் அதுவே. இரண்டையும் ஒன்றெனக் கொள்ளலாகாது.

முதல் வகை வைரஸ் எவ்வளவு பரவலானது தெரியுமா? 50 வயதுக்கு உட்பட்ட உலக மக்களில் 100க்கு 64 பேர், அதாவது சுமார் 380 கோடிப் பேர், அதைத் தம் உடலில் தாங்கியிருக்கிறார்கள் என்று உலக சுகாதார நிறுவனம் 2020ஆம் ஆண்டு நிலவரத்தைக் கொண்டு மதிப்பிட்டிருக்கிறது. பெரும்பாலோர் குழந்தைப் பருவத்திலேயே, வீட்டாருடைய முத்தத்தாலோ எச்சிலாலோ அதைப் பெற்றுவிடுகிறார்கள். சில குழந்தைகளுக்கு அப்போது வாயெல்லாம் புண்ணாகிக் காய்ச்சலும் வரும். பலருக்கு ஒன்றும் தெரியாமலே போய்விடும். ஆகவே இது யாருடைய ஒழுக்கத்தையும் தூய்மையையும் பற்றிய பேச்சன்று.

ஒரு முறை உடலுக்குள் வந்த இந்த வைரஸ் மீண்டும் வெளியேறுவதில்லை. உதட்டின் தோலில் பெருகிய பிறகு, அங்குள்ள நரம்பு நுனிகளுக்குள் நுழைந்து, நரம்பின் வழியே பின்னோக்கிப் பயணம் செய்கிறது. முகத்துக்கு உணர்ச்சி தரும் பெரிய நரம்பு ஒன்று உண்டு. அது மூன்று கிளைகளாகப் பிரிந்து நெற்றிக்கும் மேல் தாடைக்கும் கீழ்த் தாடைக்கும் செல்கிறது. அக்கிளைகள் கூடுமிடத்தில், மண்டையோட்டின் அடித்தளத்தில், நரம்பணுக்களின் முடிச்சு ஒன்று இருக்கிறது. வைரஸ் அந்த முடிச்சில் போய் ஒடுங்கிவிடுகிறது. அங்கே அது பெருகுவதில்லை, தீங்கும் செய்வதில்லை, தன் மரபுப் பொருளை மட்டும் நரம்பணுவுக்குள் வைத்துக்கொண்டு உறங்குகிறது. காய்ச்சல், கடும் வெயில், உடல் தளர்ச்சி, மன உளைச்சல் இவற்றுள் ஏதேனும் நேரும்போது விழித்து, வந்த வழியே திரும்பி, அதே உதட்டோரத்தில் கொப்புளமாக எழுகிறது.

இவ்வுண்மை ஒரே நாளில் வெளிப்பட்டதன்று. 20ஆம் நூற்றாண்டின் தொடக்கத்தில் ஹார்வி குஷிங் என்னும் அமெரிக்க அறுவை மருத்துவர், தாங்க முடியாத முகவலிக்காக அந்த நரம்பு முடிச்சில் அறுவை செய்தபோது, நோயாளிகளின் உதட்டில் கொப்புளங்கள் எழுவதைக் கண்டார். வைரஸ் அந்த முடிச்சில்தான் ஒளிந்திருக்க வேண்டும் என்று எர்னஸ்ட் குட்பாஸ்ச்சர் 1929இல் எழுதினார். ஸ்டீவன்ஸ், குக் என்னும் இருவர் 1971இல் எலிகளின் நரம்பு முடிச்சில் உறங்கும் வைரஸை மீட்டெடுத்துக் காட்டினார்கள். அடுத்த சில ஆண்டுகளில் மனிதரிடத்தும் அவ்வாறே காணப்பட்டது.

இனி மூளைக்கு வருவோம். இந்த வைரஸுக்கும் மூளைக் காய்ச்சலுக்கும் உள்ள தொடர்பு 1941இல் உறுதியாயிற்று. அவ்வாண்டு அமெரிக்காவில் மூளை அழற்சியால் இறந்த ஒரு கைக்குழந்தையின் மூளையிலிருந்து வைரஸைப் பிரித்தெடுத்தார்கள். பின்னர்ப் பெரியவர்களிடத்தும் இந்நோய் அடையாளம் காணப்பட்டது. ஆண்டொன்றுக்குப் பத்து லட்சம் பேரில் இரண்டு முதல் நான்கு பேருக்கே இது வருகிறது. எந்த வயதிலும் வரலாம் எனினும், சிறு பிள்ளைகளிடத்தும் 50 வயதைக் கடந்தவர்களிடத்தும் மிகுதி.

இத்தனை கோடிப் பேரிடம் அமைதியாக இருக்கும் வைரஸ் ஒரு சிலரிடம் மட்டும் ஏன் மூளைக்குள் புகுகிறது? முழு விடை இன்னும் கிடைக்கவில்லை. ஆயினும் 2006, 2007ஆம் ஆண்டுகளில் ஷான் லோரான் கஸனோவா என்னும் பிரெஞ்சு விஞ்ஞானியின் குழுவினர் ஒரு துப்பைக் கண்டுபிடித்தார்கள். இந்நோய் கண்ட சில குழந்தைகளுக்குப் பிறவியிலேயே ஒரு மரபணுக் குறை இருந்தது. வைரஸ் வந்ததை மூளையின் அணுக்கள் உணர்ந்து எச்சரிக்கை விடும் ஏற்பாட்டில் அந்தக் குறை இருந்தது. மற்ற நோய்களை அக்குழந்தைகள் நன்றாகவே எதிர்த்து நின்றார்கள். இந்த ஒரு வாயிலில் மட்டும் அவர்களுக்குக் காவலில்லை. எல்லா நோயாளிகளுக்கும் இக்காரணம் பொருந்துவதில்லை என்பதையும் சொல்லிவிட வேண்டும். உதட்டில் கொப்புளம் அடிக்கடி வருகிறவருக்கு மூளை நோய் வரும் என்பதும் இல்லை. மூளை நோய் கண்டவரின் உதட்டில் அப்போது கொப்புளம் இருந்தே தீரும் என்பதும் இல்லை.

மூளைக்குள் புகுந்த வைரஸ் கண்ட இடமெல்லாம் பரவுவதில்லை. பெரும்பாலும் நெற்றிப்பொட்டுக்கு உட்புறமாக, காதுக்கு மேலே அமைந்த மூளைப் பகுதியையும், அதை அடுத்து நெற்றியின் அடிப்பகுதியில் உள்ள பகுதியையுமே தாக்குகிறது. அங்கே வீக்கமும் ரத்தக் கசிவும் உண்டாகி மூளைத் திசு அழிகிறது. அந்தப் பகுதி என்ன வேலை செய்கிறது என்று அறிந்தால் நோயின் கொடுமை விளங்கும். இன்று நடந்ததை நாளைக்கு நினைவாக மாற்றிச் சேர்த்து வைப்பது அங்கே உள்ள ஹிப்போகாம்பஸ் என்னும் உறுப்பு. கோபம், அச்சம், பாசம் ஆகியவற்றின் மையமும் அதை ஒட்டியே இருக்கிறது. பெரும்பாலோர்க்குச் சொற்களின் பொருளை உணரும் இடம் இடப்புறத்துப் பகுதியில் அமைந்திருக்கிறது. ஆக, உடலின் வலிமை அப்படியே இருக்க, ஒரு மனிதரை அவராக ஆக்கும் தன்மைகளையே இந்நோய் குறி வைக்கிறது.

ஆகவேதான் இதன் அறிகுறிகள் ஏமாற்றுகின்றன. முதலில் இரண்டொரு நாள் காய்ச்சலும் தலைவலியும். பிறகு நோயாளி சம்பந்தமில்லாமல் பேசுவார். ஒரு சொல்லுக்குப் பதிலாக வேறு சொல்லைச் சொல்வார். காலையில் உண்டதை மறப்பார். பழகியவரை அடையாளம் தெரியாமல் விழிப்பார். சாந்தமானவர் சீறி விழுவார். கலகலப்பானவர் சுவரைப் பார்த்தபடி உட்கார்ந்திருப்பார். இல்லாத நாற்றத்தை நுகர்வதாகவும் இல்லாத குரலைக் கேட்பதாகவும் சிலர் சொல்வார்கள். பிறகு வலிப்பு வரலாம். மயக்கம் ஆழ்ந்துகொண்டே போகலாம். இவற்றைக் காண்கிற வீட்டார் 'காய்ச்சல் வேகத்தில் பிதற்றுகிறார்' என்று ஒரு நாளைக் கழிப்பார்கள். 'மனக்கோளாறு' என்று மற்றொரு நாள் போகும். 'காற்றுச் சேட்டை' என்று மந்திரிக்கப் போவோரும் உண்டு. அந்த இரண்டு மூன்று நாட்களில்தான் மூளை அழிகிறது.

இதனால் ஒரு மனிதருக்கு என்ன நேரிடலாம் என்பதற்கு உலகறிந்த சான்று கிளைவ் வேரிங் என்னும் ஆங்கிலேய இசை அறிஞர். பழைய ஐரோப்பிய இசையில் பெரும் புலமை பெற்ற அவர், பி.பி.சி. வானொலியில் இசை நிகழ்ச்சிகளைத் தயாரித்தவர். பாடகர் குழுக்களை நடத்தியவர். 1985 மார்ச் மாதத்தில், நாற்பதுகளின் நடுவில் இருந்தபோது, அவருக்குக் கடும் தலைவலியும் காய்ச்சலும் கண்டன. முதலில் ஃப்ளூ என்றே எண்ணப்பட்டது. உண்மையில் அது ஹெர்ப்பிஸ் மூளை அழற்சி. உயிர் பிழைத்தார், ஆனால் புதிய நினைவு எதுவும் அவரிடம் அரை நிமிடத்துக்கு மேல் தங்கவில்லை. அறையை விட்டுச் சென்ற மனைவி சில நிமிடங்களில் திரும்பி வந்தாலும், பல ஆண்டுகள் கழித்துக் கண்டவர் போல் ஓடி வந்து அணைத்துக்கொள்வார். நாட்குறிப்பில், தாம் இப்போதுதான் முதன்முதலாக விழித்தெழுந்ததாக மணிக் கணக்குப் போட்டு எழுதுவார். சற்று நேரத்தில் அதை அடித்துவிட்டு, இப்போதுதான் உண்மையில் விழித்ததாக மறுபடியும் எழுதுவார். பக்கம் பக்கமாக அதே வரிகள். ஆயினும் பியானோவின் முன் உட்கார வைத்தால் விரல்கள் பிசகாமல் ஓடின. பாடகர் குழுவை முறைப்படி நடத்தினார். மனைவியிடத்து வைத்த அன்பும் அழியவில்லை. அறிவாகச் சேர்த்த நினைவு வேறு, கையில் படிந்த பயிற்சி வேறு என்பதை உலகம் தெளிவாக உணர அவருடைய துன்பமும் ஒரு காரணமாயிற்று.

லண்டனில் வாரிங்டன், ஷாலிஸ் என்னும் ஆராய்ச்சியாளர் இருவர் 1984இல் எழுதிய கட்டுரையும் குறிப்பிடத்தக்கது. இந்நோயிலிருந்து ஓரளவு தேறிய நால்வரை அவர்கள் சோதித்தார்கள். கருவிகளையும் மற்றப் பொருள்களையும் பற்றிக் கேட்டால் அவர்கள் நன்றாகவே விளக்கினார்கள். உயிருள்ளவற்றைப் பற்றிக் கேட்டால் தடுமாறினார்கள். அவர்களுள் ஒருவருக்குத் திசைகாட்டி என்றால் தெரிந்தது. கிளி என்றால் தெரியவில்லை. மூளைக்குள் பொருளறிவு எவ்வாறு பகுத்து வைக்கப்பட்டிருக்கிறது என்பதை ஆராய இது ஒரு புதிய வாயிலைத் திறந்தது.

மருந்து வருவதற்கு முன் இந்நோய் கண்டவர்களில் 100க்கு 70 பேர் இறந்தார்கள். பிழைத்தவர்களிலும் பழைய நிலைக்குத் திரும்பியவர் மிகச் சிலரே. இந்நிலையை மாற்றியது அசைக்ளோவிர் என்னும் மருந்து. அது 1970களில் அமெரிக்காவில் கெர்ட்ரூட் எலியன் அம்மையார் வழிகாட்டிய ஆராய்ச்சிக் கூடத்தில் உருவாயிற்று. பதினைந்தாம் வயதில் பாட்டனார் புற்றுநோயால் இறந்ததைக் கண்டு, மருந்து காண்பதே தம் வாழ்வின் பணி என்று கொண்டவர் அவர். முறைப்படி முனைவர் பட்டம் பெறாமலே 1988ஆம் ஆண்டு மருத்துவத்துக்கான நோபல் பரிசை ஹிச்சிங்ஸ், பிளாக் ஆகிய இருவரோடு பகிர்ந்துகொண்டார்.

அசைக்ளோவிர் வேலை செய்யும் விதம் வியப்புக்குரியது. உடலுக்குள் செல்லும்போது அது பூட்டிய பெட்டி போல வாளாவிருக்கிறது. அந்தப் பூட்டைத் திறக்கும் சாவி, வைரஸ் தான் பெருகுவதற்காக உண்டாக்கிக்கொள்ளும் ஒரு நொதி. ஆகவே வைரஸ் புகுந்த அணுவில்தான் மருந்து விழிப்படைகிறது. விழித்து, வைரஸின் மரபுச் சங்கிலி மேற்கொண்டு நீளாமல் தடுத்துவிடுகிறது. வைரஸ் தான் வெட்டிய குழியில் தானே விழுகிறது. நல்ல அணுக்களுக்கு அதிகத் தீங்கில்லை. சுவீடன் நாட்டில் நடந்த சோதனை 1984இல் வெளியாயிற்று. அதில் பழைய மருந்து பெற்றவர்களில் பாதிப் பேர் இறந்தார்கள். அசைக்ளோவிர் பெற்றவர்களில் 100க்கு 19 பேரே இறந்தார்கள். 1986இல் அமெரிக்காவில் வெளியான சோதனையில் 54 என்னும் கணக்கு 28 ஆகக் குறைந்தது.

ஆனால் மருந்து, அழிந்த மூளையை மீட்பதில்லை. மேலும் அழியாமல் தடுக்கிறது, அவ்வளவே. மருத்துவமனையில் சேர்ந்த பிறகு இரண்டு நாளுக்கு மேல் தாமதித்து மருந்து தொடங்கப்பட்டவர்களுக்குப் பின்விளைவு மோசமாக இருந்தது என்று 2002இல் வெளியான பிரெஞ்சு ஆராய்ச்சி காட்டியது. ஆகையால், ஐயம் தோன்றியவுடனே, சோதனை முடிவுக்குக் காத்திராமல் மருந்தைத் தொடங்கிவிடுவதே இன்றைய மருத்துவ முறை. எட்டு மணிக்கு ஒரு தடவையாக 14 முதல் 21 நாட்கள் வரை நரம்பின் வழியே அது மெதுவாகச் செலுத்தப்படும். சிறுநீரகம் கெடாதிருக்க உடலில் நீர் குறையாமல் பார்த்துக்கொள்வார்கள். இந்நோயில் மாத்திரை போதாது. இடையில் நிறுத்தவும் கூடாது.

நோயை உறுதி செய்ய ஒரு காலத்தில் மண்டையைத் துளைத்து மூளைத் திசுவை எடுக்க வேண்டியிருந்தது. 1990களில் பி.சி.ஆர். என்னும் சோதனை வந்தபின் அந்தக் கொடுமை ஏறக்குறைய ஒழிந்தது. முதுகுத் தண்டைச் சூழ்ந்த நீரில் சிறிது எடுத்து, அதில் வைரஸின் மரபுப் பொருள் இருக்கிறதா என்று பார்க்கிறார்கள். முதல் இரண்டு மூன்று நாட்களில் சில வேளை இது தவறிப் போகும். அப்போது மறுபடியும் செய்வார்கள். எம்.ஆர்.ஐ. படம் மூளையின் எந்தப் பகுதி தாக்கப்பட்டது என்பதைக் காட்டுகிறது. 'முதுகில் ஊசி போட்டால் கால் விளங்காமல் போய்விடும்' என்று அஞ்சிப் பல குடும்பங்கள் இந்தச் சோதனைக்கு இசைவதில்லை. அந்த அச்சம் வேண்டியதில்லை. முதுகுத் தண்டு முடிவடையும் இடத்துக்கும் கீழேதான் ஊசி இடப்படுகிறது. பிறகு ஓரிரு நாள் தலைவலி இருக்கலாம். செய்யலாகாத நிலை சிலருக்கு உண்டு. அதை டாக்டர்கள் முன்பே பார்த்துக்கொள்வார்கள்.

நம் நாட்டில் மூளைக் காய்ச்சல் என்றதும் நினைவுக்கு வருவது கொசுவால் பரவும் ஜப்பானிய வகை. இந்தியாவில் அது முதன்முதலாக 1955இல் வேலூர்ப் பக்கத்தில் அடையாளம் காணப்பட்டது. பின்னர் வங்காளம், உத்தரப் பிரதேசம், பீகார், அஸ்ஸாம் முதலிய மாநிலங்களில் பலரைத் தாக்கியது. அதற்குத் தடுப்பூசி உண்டு. வைரஸைக் கொல்லும் மருந்து இல்லை. ஹெர்ப்பிஸ் வகைக்குத் தடுப்பூசி இல்லை; மருந்து உண்டு. அதற்குப் பருவம் உண்டு. இதற்குப் பருவமும் இல்லை, கொசுவும் இல்லை. நகரத்தின் மாடிக் குடியிருப்பிலும், கிராமத்துக் குடிசையிலும், எம்மாதத்திலும் இது வரலாம். மலேரியாவும் காசநோயும்கூட மூளையைத் தாக்கும் என்பதால், எது என்று பிரித்தறிவது டாக்டரின் வேலை; காலத்தில் கொண்டு சேர்ப்பது நம் வேலை.

தமிழ் நாட்டை விட்டு டில்லியிலும் மும்பையிலும் கொல்கத்தாவிலும் பிற ஊர்களிலும் வாழும் நாம் இதில் ஒன்றைச் சிறப்பாக மனத்தில் கொள்ள வேண்டும். இந்நோயின் முதல் தடயம் பேச்சில் தெரிகிறது. நம் வீட்டு நோயாளி மருத்துவமனையில் குழறிப் பேசினால், ஹிந்தியோ மராத்தியோ வங்காளியோ சரியாக வராத மதராஸி என்று பிறர் எண்ணிவிடக் கூடும். ஊரிலிருந்து வந்து தங்கியிருக்கும் வயதான தாயாரோ மாமனாரோ என்றால் இந்த மயக்கம் இன்னும் எளிது. ஆகையால் உடன் செல்பவர் தயங்காமல் டாக்டரிடம் சொல்ல வேண்டும்: 'இவர் தம் தாய்மொழியிலேயே சொல் மாறிப் பேசுகிறார், நேற்று முன்தினம் வரை இப்படி இல்லை, எங்களை அடையாளம் தெரியவில்லை.' காய்ச்சல் என்று தொடங்கிற்று, குணம் எப்போது மாறிற்று, வலிப்பு வந்ததா, என்னென்ன மருந்து கொடுத்தோம் என்பவற்றை ஒரு துண்டுக் காகிதத்தில் எழுதிக்கொண்டு போவது நன்று. தனியே அறை எடுத்துத் தங்கி வேலை பார்க்கும் இளைஞர்கள், ஊரில் உள்ளவர்களின் முகவரியையும் தொலைபேசி எண்ணையும் அறைத் தோழரிடம் கொடுத்து வைக்க வேண்டும். தன் நினைவு தடுமாறும் நோயில், நோயாளி தாமே உதவி கேட்க மாட்டார்.

சிகிச்சை முடிந்து வீடு திரும்பிய பிறகும் கவனம் வேண்டும். முதல் இரண்டு மாதங்களுக்குள் சிலருக்குப் பேச்சும் நடத்தையும் மறுபடியும் குலையும். குழந்தைகளுக்குக் கைகால்கள் தாமாக ஆடும். பெரும்பாலும் இது வைரஸ் திரும்பியதால் அன்று. உடலின் எதிர்ப்புச் சக்தியே வழி தவறி மூளையைத் தாக்குவதால் வருவது. 2018இல் வெளியான ஸ்பெயின் நாட்டு ஆராய்ச்சியில் நான்கில் ஒருவருக்கு மேல் இது காணப்பட்டது. இதற்கும் சிகிச்சை உண்டு. மீண்டும் டாக்டரிடம் செல்ல வேண்டும். வலிப்பு மருந்தைத் தாமாக நிறுத்தலாகாது. ஞாபகம் குறைந்தவருக்குக் குறிப்பேடும், நாள்காட்டியும், மாறாத தினசரி ஒழுங்கும் பெருந்துணை. அவர் ஒரே கேள்வியைப் பத்து முறை கேட்பது பிடிவாதத்தால் அன்று. கேட்டது அவரிடம் தங்கவில்லை. இதை வீட்டார் உணர்ந்தால் பாதி வருத்தம் குறையும்.

பிறந்த குழந்தையைப் பற்றியும் ஒரு வார்த்தை. பிறந்த சில வாரங்கள் வரை குழந்தைக்கு இந்த வைரஸை எதிர்க்கும் வலிமை மிகக் குறைவு. அது எளிதில் மூளையைப் பற்றிவிடும். ஆகையால் உதட்டில் கொப்புளம் உள்ளவர், பாட்டியே ஆனாலும், சிசுவை முத்தமிடாதிருப்பதே அன்பு. கர்ப்பிணிகள் பிறப்புறுப்பில் புண் தோன்றினால் வெட்கப்படாமல் டாக்டரிடம் சொல்ல வேண்டும்.

மற்றவர்கள் உதட்டுக் கொப்புளத்தைக் கண்டு அஞ்ச வேண்டியதில்லை. அது வந்து போகும். அஞ்ச வேண்டியது வேறொன்று: காய்ச்சலோடு ஒருவருடைய பேச்சோ நினைவோ குணமோ மாறுவது. அது தோன்றிய அன்றே, இரவானாலும் விடியட்டும் என்று காத்திராமல், மூளை நோய் மருத்துவர் உள்ள பெரிய மருத்துவமனைக்குக் கொண்டு செல்லுங்கள். எலியன் அம்மையாரின் மருந்து இன்று நம் நாட்டுப் பெரிய மருத்துவமனைகளில் கிடைக்கிறது. அது பலிப்பதற்கு வேண்டிய காலத்தைத் தர வேண்டியவர்கள் நோயாளியின் அருகில் இருக்கும் நாமே.